பரிசுச் சீட்டும் பொதுநிதியும்

(நோணாங்குப்பத்தில் கூடிய நம் சங்கப் பொதுக்கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



சுண்ணாம்பாற்றங்கரையிலுள்ள இந்நோணாங்குப்பத்தில் இன்று நாம் கூடியிருப்பது, நம் சங்கத்தின் மாணவர் உபகாரச் சம்பள நிதியைப் பெருக்கும் வழி யாது என்று ஆராய்தற்பொருட்டாகும். சென்ற நிருவாகக் கூட்டத்திலே இளைஞர் சிலர் ஒரு பிரேரணை கொண்டுவந்தனர். நூறு ரூபாய் விலையில் 5,000 சீட்டுகள் அச்சிட்டு விற்பது. தைத்திங்களில் யாவர் முன்னிலையிலும் அவற்றைக் குலுக்கி, முதற் பரிசாக ஒரு மோட்டார் சைக்கிளும், அடுத்த பரிசுகளாகத் தங்கக் காசுகளும், பாத்திரங்களும் வழங்குவது. பரிசுகளுக்கு ஒன்றரை இலட்சம் போயினும் மூன்றரை இலட்சம் நிதிக்கு மிஞ்சும் என்பது அவர்தம் கணக்கு. கணக்கிலே பிழையில்லை, அவர்கள் நோக்கத்திலும் பிழையில்லை. கல்லூரிக் கட்டணத்துக்கு வழியின்றி நிற்கும் நம் பிள்ளைகளை எண்ணியே அவர்கள் இதனைக் கொணர்ந்தனர். அப்பிரேரணையை வாக்குக்கு விடுமுன், பரிசுச் சீட்டின் வரலாற்றையும் அதன் அறத்தையும் பற்றிச் சிறிது பேசுமாறு காரியதரிசி எம்மைப் பணித்தார். யாம் அப்பிரேரணைக்கு உடன்படாதவர் என்பதை முன்னரே சொல்லிவிடுகின்றோம். ஆயினும் அதன் பக்கத்திலுள்ள நியாயங்களை மறைத்துப் பேசுவது நேர்மையன்று, அவற்றையும் எடுத்துரைப்போம்.

முதற்கண் ஒன்றைத் தெளிவுபடுத்திக்கொள்ள வேண்டும். சீட்டுக் குலுக்குதல் வேறு. பரிசுச் சீட்டு விற்றல் வேறு. இரண்டையும் ஒன்றெனக் கொண்டு, இரண்டையும் சேர்த்துப் புகழ்வாரும் உளர்; சேர்த்து இகழ்வாரும் உளர். “நம் நாட்டு முன்னோர் குடவோலை முறையால் ஊராட்சி நடத்தினரன்றோ? நாம் குலுக்கினால் மட்டும் குற்றமாகுமோ?” என்று அன்று ஓர் இளைஞர் வினவினார். நல்ல வினா. ஆதலின் குடவோலையிலிருந்தே தொடங்குவோம்.

உத்திரமேரூர்க் கோயிற் சுவரிலே முதற் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள் இரண்டு உள்ளன, ஒன்று கி.பி. 919ஆம் ஆண்டினது, மற்றொன்று கி.பி. 921ஆம் ஆண்டினது. அவ்வூரை முப்பது குடும்புகளாகப் பிரித்து, ஒவ்வொரு குடும்பிலும் தகுதியுடையார் பெயரைத் தனித்தனி ஓலையில் எழுதி, கட்டாகக் கட்டிக் குடத்திலிட்டனர். இளையோரும் முதியோருமாகச் சபையார் அனைவரும் கூடியிருக்க, நம்பிமாருள் வயது முதிர்ந்தவர் குடத்தை யாவரும் காணத் தூக்கி நிற்க, உள்ளே இருப்பது இன்னதென்றறியாத ஒரு சிறுவனைக் கொண்டு ஓலை எடுப்பித்தனர். அவன் எடுத்துக் கொடுத்த ஓலையை மத்தியஸ்தன் ஐந்து விரலையும் அகல விரித்து, உள்ளங்கையிலே ஏற்றுக்கொள்ள வேண்டும் என்பது விதி. கையை மூடினால் ஓலை மாறிவிடும் என்று அஞ்சியன்றோ அவ்விதியை வகுத்தனர்! ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்கு முன்பே மனித இயல்பை எத்துணை நன்றாக அறிந்திருந்தனர் பாருங்கள். பின்னர் அவ்வோலையை மத்தியஸ்தன் உரக்கப் படிக்க, நம்பிமாரும் ஒவ்வொருவராகப் படிப்பர். இவ்வாறு தெரிந்தெடுத்த முப்பதின்மரிலிருந்தே சம்வத்சர வாரியம், தோட்ட வாரியம், ஏரி வாரியம் ஆகியன அமைந்தன.

குடத்திலே பெயர் புகுவதற்கே தகுதி வேண்டியிருந்தது. சொந்த மனையில் வீடு, இறை செலுத்தும் நிலம், 35க்கு மேற்பட்டு 70க்கு உட்பட்ட வயது, வேதக் கல்வி ஆகியவை வேண்டும். வாரியத்திலிருந்து கணக்குக் காட்டாதவன் பெயரும் அவன் உறவினர் பெயரும் குடத்திற் புகா. அஃது ஓர் அந்தணர் சபை என்பதையும், ஏனைய குடிகளுக்கு அக்குடத்தில் இடமில்லை என்பதையும் நாம் மறத்தலாகாது. குடவோலையை ஜனநாயகம் என்று மேடைதோறும் புகழ்வோர் இதனைச் சொல்லாமல் விடுவர். அது நிற்க. இங்கு நாம் நோக்கத்தக்கது வேறு. அக்குடத்திலே ஓலை இட்டவர் எவரும் அதற்காகக் காசு கொடுத்தாரல்லர். பெயர் வராமற் போனவர் எதையும் இழந்தாருமல்லர். நடுநிலைமைக்காகக் குலுக்கினர், லாபத்துக்காக அன்று.

இன்னும் அண்மையிலே ஓர் உதாரணம் உண்டு. சென்னைக்கு வடக்கே பழவேற்காட்டு ஏரியில் மீனவர் ‘பாடு’ என்னும் முறையைக் கைக்கொண்டு வந்துள்ளனர். ஏரியிலே மீன் மிகுதியாய்க் கிடைக்கும் இடமும் உண்டு, கிடைக்காத இடமும் உண்டு. வலிமையுடையவனே நல்ல இடத்தை என்றும் பிடித்துக்கொண்டால் ஊரில் அமைதி எங்கே? ஆதலின் ஊர்த் தலைக்கட்டுக்காரர் கூடிச் சீட்டுப் போட்டு, இன்ன இடம் இன்னாருக்கு என்று முறை வகுப்பர். ஒருமுறை தாழ்ந்த இடம் பெற்றவன் அடுத்த முறை உயர்ந்த இடம் பெறலாம். ஒரு சாதிப் பஞ்சாயத்து, எழுத்தும் சட்டமும் இன்றி, தலைமுறை தலைமுறையாக நடத்திய ஏற்பாடு இது. நம் சங்கங்களுக்கு எதற்கெடுத்தாலும் பட்டணத்தாரிடம் பாடம் கேட்கும் வழக்கம் உண்டு. இதனைப் பழவேற்காட்டு வலைஞரிடம் கேட்கலாம்.

கோயிலிலே திருவுளச் சீட்டுப் போட்டுப் பார்த்தலும் இவ்வகையே. வீட்டுப் பெண்டிர் தம்முள் நடத்தும் குலுக்குச் சீட்டும் ஏறக்குறைய இவ்வகையே. பன்னிருவர் திங்கள்தோறும் ஆளுக்கு ஆயிரம் போட்டு, குலுக்கலில் பெயர் வந்தவர் பன்னீராயிரத்தையும் எடுத்துக்கொள்கின்றனர்; ஓராண்டு முடிவில் எல்லாரும் எடுத்திருப்பர். முந்துவதும் பிந்துவதுமே அதிருஷ்டத்தைப் பொறுத்தன. போட்ட பணம் போயிற்று என்பது இல்லை. சீட்டுப் பிடித்தவர் ஓடிப்போனாலன்றி! (சிரிப்பு.)

பரிசுச் சீட்டு அவ்வாறன்று. அங்கே ஐயாயிரவர் கொடுக்க ஒருவர் கொள்கிறார். அந்த ஒருவருடைய மகிழ்ச்சி, எஞ்சிய நாலாயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்பதின்மர் விலை கொடுத்து வாங்கியது. இதனைச் சூது என்பது கடுஞ்சொல் என்று தோன்றலாம். ஆயினும் நம் நாட்டு உச்ச நீதிமன்றமே 1999ஆம் ஆண்டில், அரசு நடத்தினும் லாட்டரி என்பது சூதின் இயல்பை விட்டு நீங்குவதில்லை என்று தீர்ப்பளித்தது. சூதைப் பற்றி நம் நாட்டார்க்கு நாம் புதிதாய்ச் சொல்ல வேண்டுவதில்லை. பாண்டவர் கதையும் நளன் கதையும் கேளாத செவியில்லை. வள்ளுவனார் அதற்கென ஓர் அதிகாரமே வகுத்தார். அதன் தொடக்கத்திலேயே, வெற்றி தரினும் சூதை விரும்பாதே என்று கூறி, அவ்வெற்றியைத் தூண்டில் விழுங்கிய மீனின் நிலையோடு ஒப்பிட்டார். தூண்டிலும் மீனும் அறிந்த இவ்வூரார்க்கு அவ்வுவமையை விளக்கவேண்டுவதில்லை. கௌடலியரோ அறநூலாரல்லர், பொருள்நூலார். சூதை ஒழிக்க அவர் முயலவில்லை. ஓரிடத்தில் மட்டும் ஆடச்செய்து, அதிகாரி ஒருவனை அமர்த்தி, வென்ற பொருளில் நூற்றுக்கு ஐந்து அரசனுக்கு என்று விதித்தார். இன்றைய அரசுகளின் லாட்டரி இலாகாக்களுக்கு அவரே மூலபுருஷர் எனலாம்.

இனி, மேனாட்டு வரலாறு. இதனைச் சற்று விரித்துக் கூறுகின்றோம். ஏனெனில், பிரேரணைக்குச் சார்பான வலிய வாதங்கள் இங்கேதான் உள்ளன.

நம் புதுவையை நெடுங்காலம் ஆண்ட பிரெஞ்சுக்காரர் நாட்டிலே 1539ஆம் ஆண்டில் முதலாம் பிரான்சுவா மன்னர் லாட்டரிக்கு அனுமதியளித்தார். பதினெட்டாம் நூற்றாண்டில் பாரிசு நகரத்து இராணுவப் பள்ளிக்குப் பணமின்றித் தவித்தபோது, கசநோவா என்னும் இத்தாலியரும் வேறு சிலரும் கூடி ஒரு லாட்டரித் திட்டம் வகுத்தனர்; முதற் குலுக்கல் 1758ஆம் ஆண்டில் நடந்தது. அப்பள்ளியிலே பின்னாளில் பயின்ற மாணவருள் ஒருவர் நெப்போலியன். “லாட்டரிப் பணத்திலே படித்தவர் சக்கரவர்த்தியானார்; நம் பிள்ளைகள் பட்டதாரியாகலாகாதோ?” என்று எதிர்க்கட்சியார் கேட்பராயின் அவர்கள் கேட்பது முறையே. இலண்டனிலுள்ள பிரிட்டிஷ் பொருட்காட்சிசாலை 1753ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி நடந்த லாட்டரியின் பணத்தைக் கொண்டே அமைந்தது. நம் நாட்டிலும் கல்கத்தா நகர மண்டபம் லாட்டரிப் பணத்தால் 1813ஆம் ஆண்டில் எழுந்தது. 1817ஆம் ஆண்டில் அங்கே லாட்டரிக் கமிட்டி என்றே ஒரு சபை ஏற்பட்டு, வீதிகளும் குளங்களும் அதனால் உண்டாயின. இன்றும் அவ்வீதிகளில் நடப்போர் லாட்டரிப் பணத்தின்மேல் நடக்கின்றனர்.

இவ்வளவு நன்மை தந்த ஒன்றை அந்நாட்டார் ஏன் பின்னர் ஒழித்தனர்? இங்கிலாந்திலே 1808ஆம் ஆண்டில் பாராளுமன்றக் கமிட்டி ஒன்று ஆராய்ந்து, ஏழைகள் படும் கேட்டை எடுத்துக்காட்டியது; 1826ஆம் ஆண்டோடு அங்கே அரசாங்க லாட்டரி நின்றது. கல்கத்தாவில் லாட்டரிக் கமிட்டியின் காலம் 1836ஆம் ஆண்டோடு முடிந்தது. பிரான்சில் புரட்சிக்காரர் 1793ஆம் ஆண்டில் லாட்டரியை ஒழித்தனர். கஜானா வறண்டதும் 1797ஆம் ஆண்டில் மீண்டும் கொணர்ந்தனர். 1836ஆம் ஆண்டில் அஃது இரண்டாம் முறை ஒழிந்தது. ஒழிப்பதும் மீட்பதுமாகிய இவ்வாட்டத்தை நினைவிற் கொள்ளுங்கள். நம் நாட்டிலும் இதே ஆட்டம் நடந்தது.

1933ஆம் ஆண்டில் பிரெஞ்சுக் குடியரசு மூன்றாம் முறையாக லாட்டரியைத் தொடங்கியது. இம்முறை சொல்லப்பட்ட காரணம் உருக்கமானது: முதல் உலகப் போரிலே முகஞ் சிதைந்தும் அங்கம் இழந்தும் மீண்ட வீரர்க்கும், விளைவு கெட்ட உழவர்க்கும் உதவி செய்தல். அப்போரிலே புதுவை நாட்டாரும் கடல் கடந்து சென்று மாண்டனர். கடற்கரையில் 1938ஆம் ஆண்டு திறந்துவைத்த நினைவுச் சின்னத்தை நாம் எல்லோரும் கண்டிருக்கின்றோம். 1933ஆம் ஆண்டு நவம்பர்த் திங்களில் நடந்த முதற் குலுக்கலில் தாரஸ்கோன் ஊரைச் சேர்ந்த ஒரு நாவிதருக்கு ஐம்பது இலட்சம் பிராங்க் விழுந்தது. நாடெங்கும் அவர் பெயரே பேச்சாயிற்று. நாவிதருக்கு விழுந்தது எல்லோருக்கும் தெரிந்தது. விழாதவர் பெயரை எந்தப் பத்திரிகையும் அச்சிடவில்லை. லாட்டரியின் வலிமை முழுவதும் இதிலேதான் அடங்கியிருக்கிறது.

நம் நாட்டுக்கு வருவோம். வெள்ளையர் அரசு 1870ஆம் ஆண்டில் இந்தியத் தண்டனைச் சட்டத்திலே 294-அ என்னும் பிரிவைச் சேர்த்து, அரசு அனுமதி பெறாத லாட்டரிக்காக இடம் வைத்து நடத்துவதைக் குற்றமாக்கியது. சுதந்திரத்தின் பின் வந்த அரசியலமைப்போ, அரசுகள் நடத்தும் லாட்டரியை மத்திய அரசின் பட்டியலில் 40ஆம் இனமாகவும், பொதுவான சூதைப் பந்தயத்தோடு சேர்த்து மாநிலங்களின் பட்டியலில் 34ஆம் இனமாகவும் வைத்தது. கேரளத்தில் 1967ஆம் ஆண்டில் நம்பூதிரிபாடு அவர்களின் மந்திரிசபையில் நிதியமைச்சராயிருந்த குஞ்ஞு சாகிபு அவர்கள் லாட்டரி இலாகாவைத் தோற்றுவித்தார். ஒரு ரூபாய்ச் சீட்டு. முதற் பரிசு ஐம்பதினாயிரம். முதற் குலுக்கல் 1968ஆம் ஆண்டு ஜனவரி 26ஆம் நாள். அதே ஆண்டில் தமிழகத்தில் அறிஞர் அண்ணா அவர்களின் அரசும் பரிசுச் சீட்டைத் தொடங்கியது. ‘விழுந்தால் வீட்டுக்கு, விழாவிட்டால் நாட்டுக்கு’ என்ற அக்காலத்துச் சொல்லை நம்முள் முதியோர் மறந்திரார். நாவன்மையிலே அதற்கு நிகர் அரிது. ஆனால் விழாதவர் வீட்டில் அன்று அடுப்பு எரிந்ததா என்னும் கேள்விக்கு அதில் விடையில்லை.

பின் நடந்தது யாவரும் அறிந்ததே. அரசுச் சீட்டு என்ற பெயரிலே வடகிழக்கு மாநிலங்களின் சீட்டுகளும் பூட்டான் நாட்டுச் சீட்டும் தெருத்தெருவாய் வந்து குவிந்தன. திங்களுக்கு ஒன்று என்றிருந்தது வாரத்துக்கு ஒன்றாகி, நாளுக்கு ஒன்றாகி, நாளுக்குப் பலவுமாயிற்று. ஒற்றை எண் லாட்டரி என்ற ஒன்று தோன்றிக் கூலித்தொழிலாளர் பலரைக் கடனாளியாக்கியது. 1998ஆம் ஆண்டு மத்தியச் சட்டம் ஒற்றை எண்ணுக்குப் பரிசு வைப்பதைத் தடுத்தது. 2003ஆம் ஆண்டு ஜனவரியில் செல்வி ஜெயலலிதா அவர்களின் அரசு தமிழகத்தில் எல்லா லாட்டரிச் சீட்டுகளின் விற்பனையையும் அறவே தடை செய்தது. கேரளமோ இன்றும் நடத்துகின்றது. நன்றாகவே நடத்துகின்றது என்பதையும் சொல்ல வேண்டும். 2011ஆம் ஆண்டில் தொடங்கிய காருண்யா லாட்டரியின் வருவாயால் ஏழை நோயாளர் பலர்க்குச் சிகிச்சை கிடைத்தது. உடற்குறையுடையோரும் முதியோரும் சீட்டு விற்று மானத்தோடு பிழைக்கின்றனர். இவை மறுக்கத்தக்கன அல்ல.

ஆயினும் அந்தக் கேரளத்துக் கணக்கையே எடுத்துப் பார்ப்போம். 2022ஆம் ஆண்டு ஓணம் பம்பர்ச் சீட்டின் விலை ரூ. 500, முதற் பரிசு 25 கோடி. விற்ற சீட்டுகள் 66 இலட்சத்துக்கு மேற்பட்டவை. ஒரு சீட்டு வாங்கியவருக்கு முதற் பரிசு விழும் வாய்ப்பு 66 இலட்சத்தில் ஒன்று. விழுந்தாலும் 25 கோடியும் கைக்கு வாராது. முகவர் பங்காக நூற்றுக்குப் பத்தும், எஞ்சியதில் வருமான வரியாக நூற்றுக்கு முப்பதும் போக 15 கோடியே 75 இலட்சம். அதன்மேலும் கூடுதல் வரி உண்டு. சீட்டின்மேல் விதிக்கும் சரக்கு சேவை வரி 2020ஆம் ஆண்டில் நூற்றுக்கு 28 ஆகி, 2025ஆம் ஆண்டு செப்டம்பரில் நூற்றுக்கு 40 ஆயிற்று. தீயது என்று கருதும் பொருளுக்கே அரசு இவ்வளவு வரி போடும். ஒரு கையால் தீயது என்று முத்திரை குத்தி, மறு கையால் அதனையே விற்பது அரசுக்குத் தகுமாயின் தகட்டும். அதன் தேவைகள் பெரியவை. லாட்டரித் தொழிலில் எத்துணைப் பணம் புரளுகின்றது என்பதற்கு ஒரு குறிப்பு: 2024ஆம் ஆண்டு மார்ச்சில் தேர்தல் ஆணையம் வெளியிட்ட தேர்தல் பத்திரக் கணக்கிலே, யாவரினும் மிகுதியாக, 1,368 கோடி ரூபாய்க்குப் பத்திரம் வாங்கியது லாட்டரி நடத்தும் ஃபியூச்சர் கேமிங் நிறுவனமே. ஒவ்வொரு சீட்டாக விற்றுச் சேர்ந்த பணம் அது.

தடை செய்தபின் தீமை ஒழிந்ததா எனின், ஒழியவில்லை. இதுவே எம் நெஞ்சை வருத்துவது. தமிழகத்திலும் புதுவையிலும் ‘மூன்று நம்பர்’ என்னும் பெயரிலே கள்ளச் சூது நடக்கின்றது. கேரளத்துக் குலுக்கல் முடிவின் கடைசி மூன்று எண்களைக் குறித்துப் பணங்கட்டுவது அதன் வகை. துண்டுத்தாளிலே எண்ணை எழுதிக் கொடுப்பர். இப்போது கைப்பேசியிலேயே அனுப்பிவிடுவர். காவல்துறையினர் அவ்வப்போது பிடிக்கின்றனர், மறுபடியும் முளைக்கின்றது. மூன்று எண்களால் ஆயிரம் வகை அமையும், வெல்வது ஒன்று. பத்து ரூபாய்க்கு ஐயாயிரம் தருவதாகவே வைத்துக்கொள்வோம். ஆயிரம் பேர் பத்துப் பத்தாகக் கட்டினால் பதினாயிரம், திரும்புவது ஐயாயிரம், எஞ்சியது சூது நடத்துவோன் மடியில். நாள்தோறும் ஆடுகிறவன் சராசரியில் நாள்தோறும் பாதியை இழக்கின்றான். இதனை அவன் அறியாதவனல்லன். ஆயினும் நேற்று 417 வந்தது, நான் கட்டியது 416 என்று சொல்லி, ஓர் எண்ணால் தப்பிற்று என நம்புகின்றான். 416க்கும் 417க்கும் உள்ள தூரமும், 416க்கும் 902க்கும் உள்ள தூரமும் குலுக்குவார்க்கு ஒன்றே என்பதை அவன் மனம் ஏற்பதில்லை. 2019ஆம் ஆண்டு டிசம்பரில் நம் அண்டையிலுள்ள விழுப்புரத்தில் இச்சூதின் கடனால் ஒரு குடும்பமே மாண்டது. குழந்தைகளும் அதில் அடக்கம். அதற்குமேல் அதனைப்பற்றிப் பேச எமக்கு நாவெழவில்லை.

“இதற்கும் நம் சங்கச் சீட்டுக்கும் யாது சம்பந்தம்? நாம் ஆண்டுக்கு ஒரு முறை, நற்காரியத்துக்காக, கணக்குக் காட்டி நடத்துகின்றோம்” என்பீர்கள். சம்பந்தம் உண்டு. நூறு ரூபாய்ச் சீட்டை யார் வாங்குவர் என்று எண்ணிப் பாருங்கள். நம்முள் செல்வர் சிலர் கட்டுக்கட்டாய் வாங்கிப் பரிசு விழுந்தாலும் நிதிக்கே திருப்பித் தருவர். அவர்க்கு அது நன்கொடையே. அவரிடம் சீட்டின்றியே கேட்கலாம். சீட்டுக்காகவே வாங்குவோர் யார்? மோட்டார் சைக்கிள் வாங்க வழியில்லாதவர். கட்டட வேலைக்குச் செல்பவர், மீன் கூடை சுமப்பவர், கடையில் கணக்கெழுதுபவர். அவர் பிள்ளைக்கே உபகாரச் சம்பளம் கொடுக்க நாம் முயல்கின்றோம். ஒரு வீட்டிலிருந்து ஐந்து சீட்டுக்கு ஐந்நூறு வாங்கி, அந்த வீட்டுப் பிள்ளைக்கே உதவினோம் என்று மேடையிலே மாலையிட்டுக்கொள்வது எவ்வாறு பொருந்தும்? ஏழையின் ஆசையின்மேல் விதிக்கும் வரி என்று இதனைச் சொல்லலாம். செல்வன் அவ்வாசை இன்மையால் அவ்வரிக்குத் தப்பிவிடுகின்றான்.

மற்றொன்று. பிள்ளைகளைக் கொண்டே சீட்டு விற்கலாம் என்று ஒருவர் சொன்னார். யாம் அதனைக் கேட்டுத் திடுக்கிட்டோம். தெருவிலே மூன்று நம்பர்ச் சீட்டு விற்பவனைக் கண்டால் விலகிச் செல் என்று வீட்டில் சொல்லிவிட்டு, சங்கத்துச் சீட்டை அக்கையிலேயே கொடுத்து விற்றுவா என்றால், பிள்ளை எதனை நம்பும்? சங்கம் செய்தால் தகும் என்னும் எண்ணம் ஒரு முறை வேரூன்றினால் களைவது அரிது.

“பரிசில்லாமல் எவரும் கொடார்” என்பது அவர்களின் இறுதி வாதம். இஃது உண்மையாயின் நாம் சங்கம் நடத்துவதே வீண். ஆனால் உண்மையன்று. விருதுநகரத்து நாடார் பெருமக்கள் 1889ஆம் ஆண்டில் க்ஷத்திரிய வித்தியாசாலையைத் தோற்றுவித்தனர். வாணிகம் செய்வோர் விற்பனையிலே சிறு பங்கை மகமை என்று எடுத்துவைப்பர். வீடுதோறும் உலை வைக்கும்போது ஒரு பிடி அரிசியைத் தனிக் கலயத்தில் இடுவர். பிடியரிசிப் பள்ளிக்கூடம் என்றே அதற்குப் பெயர் வழங்கிற்று. அப்பள்ளியிலே படித்தவருள் ஒருவர் காமராசர். நெப்போலியனைச் சொல்லி எம்மை மடக்க எண்ணிய இளைஞர் இதனையும் அருள்கூர்ந்து கணக்கில் எடுத்துக்கொள்வாராக. (கைதட்டல்.) நமக்கு இன்னும் அருகே, தெற்கிலுள்ள பாகூரில், பல்லவ மன்னன் நிருபதுங்கவர்மன் காலத்தில், ஒன்பதாம் நூற்றாண்டில், ஒரு வித்தியாஸ்தானத்துக்கு மூன்று ஊர்களைக் கொடையாக அளித்த செப்பேடு கிடைத்துள்ளது. அரசன் ஊரைக் கொடுத்தான். விருதுநகரத்தார் பிடி அரிசி கொடுத்தனர். இருவரும் திரும்பப் பெறுவோம் என்று எண்ணிக் கொடுத்தாரல்லர்.

சட்டத்தையும் ஒரு சொல் சொல்லிவிடுகின்றோம். இதனைக் கேட்டபின் வாக்குக்கே இடமிராது என்றாலும், சட்டத்துக்கு அஞ்சி மட்டும் கைவிட்டதாக இருத்தலாகாது என்றே இறுதியில் வைத்தோம். பழைய 294-அ பிரிவு இப்போது பாரதிய நியாய சன்ஹிதையில் 297ஆம் பிரிவாக, 2024ஆம் ஆண்டு ஜூலை முதல் நாள் தொட்டு நடைமுறையில் உள்ளது. அரசு நடத்தாத, அரசு அனுமதியில்லாத குலுக்கலுக்காக இடம் வைத்து நடத்தினால் ஆறு திங்கள் வரை சிறையோ, அபராதமோ, இரண்டுமோ உண்டு. குலுக்கலிலே பணமோ பொருளோ தருவதாக அறிவிப்பு வெளியிட்டாலே ஐயாயிரம் ரூபாய் வரை அபராதம் உண்டு. ‘பொருள்’ என்னும் சொல்லில் மோட்டார் சைக்கிளும் அடங்கும். நற்காரியத்துக்கு என்ற காரணத்தால் அப்பிரிவு தானே விலகி நில்லாது. அச்சிடப்போகும் சீட்டிலே நம் காரியதரிசியின் கையொப்பம் இருக்கும் என்பதை அவர் அறிவாரோ, அறியோம். (சிரிப்பு.)

ஆதலின் பிரேரணைக்கு யாம் ஒரு திருத்தம் கொண்டுவருகின்றோம். சீட்டு வேண்டா. அடுத்த தைத்திங்கள் வரை நம் குலத்துக் குடும்பம் ஒவ்வொன்றிலும் ஓர் உண்டியல் வைப்பது. இயன்றவர் நாளுக்கு ஒரு ரூபாய் இடுவது. இயலாதவர் வீட்டில் உண்டியல் வைக்கவும் கேட்பதில்லை. கடையும் படகும் வாகனமும் உடையவர் விற்பனையிலோ வாடகையிலோ தாமே குறித்த ஒரு பங்கைத் திங்கள்தோறும் தருவது. கொடுத்தவர் பெயரும் தொகையும் இப்பத்திரிகையிலே திங்கள்தோறும் வெளிவர வேண்டும். வேண்டாவென்பார் பெயரை விட்டுத் தொகையை மட்டும் அச்சிடலாம். நாளுக்கு ஒரு ரூபாய் என்றால் ஆண்டுக்கு 365. ஆயிரம் குடும்பம் தந்தால் பிரேரணை சொல்லும் மூன்றரை இலட்சத்துக்குச் சிறிது மேலாகவே வரும். பரிசுக்கென ஒரு காசும் போகாது. ஆயிரம் குடும்பம் தருமா என்பது நம் கையில் உள்ளது. யாம் இன்றே ஓர் உண்டியல் எடுத்துச் செல்கின்றோம்.

குலுக்கலை விரும்பிய இளைஞர்க்கும் ஒரு வேலை வைத்திருக்கின்றோம். ஆண்டுதோறும் விண்ணப்பம் மிகுதி, உபகாரச் சம்பளம் குறைவு. மதிப்பெண்ணும் வறுமையும் ஒத்த இருவரில் ஒருவர்க்குக் கொடுத்தால், நிருவாகஸ்தரின் உறவென்றும், தெருவென்றும் பழிச்சொல் எழுகின்றது. பல நேரம் அப்பழி பொய். சில நேரம்… அதனை விடுவோம். இனி, தகுதி ஒத்தவர் பெயர்களை எழுதி ஒரு பித்தளைக் குடத்திலிட்டு, பெற்றோர் யாவரும் பார்த்திருக்க, எழுத்தறியாத ஒரு சிறு குழந்தையைக் கொண்டு எடுக்கச் செய்வோம். பெயர் வாராத பிள்ளைக்கு அடுத்த ஆண்டு குலுக்கலின்றியே முதலிடம். எடுத்த சீட்டை வாங்கிப் படிக்கும் பொறுப்பை அக்கிராசனர் அவர்கள் ஏற்றுக்கொள்ள வேண்டும். வாங்கும்போது ஐந்து விரலையும் விரித்தே வாங்க வேண்டும் என்பதைத் திருத்தத்திலேயே எழுதியிருக்கின்றோம்.